என்ன மாத்திரை, யாருடையது? – யாழ்ப்பாணத்து இளம் வைத்தியர்களுக்கு ஒரு திறந்த மடல்

யாழ்ப்பாண மாவட்ட வைத்தியசாலைகளின் விடுதிகளில் பணியாற்றும் இளம் வைத்தியர்களுக்கு,

வணக்கம். உங்களில் பலரின் முகத்தை நான் அறியேன், கையெழுத்தை அறிவேன். நீங்கள் வீட்டுக்கு அனுப்பிய நோயாளியின் ரிக்கற்றை, அதாவது கட்டிலருகே வைத்து எழுதும் சிகிச்சைக் குறிப்பேட்டை, பதிவேட்டு அறையில் பிரித்து, அதில் உள்ள நோய்ப் பெயருக்கு ஐ.சி.டி. 10 என்ற சர்வதேச நோய் வகைப்பாட்டின்படி குறியீடு இடுவதுதான் ஓய்வு பெறும்வரை என் வேலையாக இருந்தது.

ஒரு ரிக்கற்றை இன்னும் மறக்க முடியவில்லை. மூன்றரை வயதுப் பெண் குழந்தை. மயங்கிய நிலையில் தூக்கி வந்திருக்கிறார்கள். கண்மணிகள் ஊசிமுனையாகச் சுருங்கியிருந்தன, நிமிடத்துக்கு எட்டு மூச்சுத்தான் என்று தாதி எழுதியிருந்தார். அபின் வகை மருந்துகளை முறிக்கும் நலோக்சோன் கொடுத்ததும் பிள்ளை விழித்து அழுதிருக்கிறாள். ஒரு மணி நேரம் போவதற்குள் மறுபடி சோர்ந்துவிட்டாள். நலோக்சோனின் வேகம் தணிந்த பிறகும் உள்ளே போன மருந்து வேலை செய்துகொண்டுதான் இருக்கும். விடியும்வரை பக்கத்தில் நின்று காப்பாற்றியிருக்கிறார்கள். அந்த இரவு அங்கே நின்ற அனைவரையும் கையெடுத்துக் கும்பிடுகிறேன்.

கடைசியில் நோய் நிர்ணயம் என்ற இடத்தில் இருந்தது இவ்வளவுதான்: 'இனந்தெரியாத மாத்திரை விழுங்கியமை.'

தாதியின் குறிப்பிலோ, அப்பப்பாவின் புற்றுநோய் வலி மாத்திரை, கடதாசி உறையில் சாமித்தட்டில் இருந்தது என்று தெளிவாக இருந்தது. அபின் வகை வலிமருந்தான மோர்பின் என்று எனக்கு விளங்கியது. ஆனால் எனக்கு விளங்கியதை வைத்துக் குறியீடு இட எனக்கு அதிகாரமில்லை. வைத்தியர் எழுதியதற்கே குறியீடு. ரிக்கற்றைத் திருப்பிக் கொண்டுபோனேன்; எழுதியவர் இடமாற்றம் பெற்றுப் போயிருந்தார். ரி 50.9 என்று இட்டேன். பெயர் சொல்லப்படாத மருந்துகள் எல்லாம் போய்ச் சேரும் குப்பைக்கூடை அது. 'அப்பப்பாவின் மோர்பின், தற்செயலாக' என்று ஒரு வரி இருந்திருந்தால் ரி 40.2, கூடவே எக்ஸ் 42 என்று இட்டிருப்பேன்.

குறியீட்டுப் புத்தகம் இதில் மிகக் கவனமாக இருக்கிறது. ஹெரோயினுக்கு ரி 40.1, மோர்பின், கொடெய்னுக்கு ரி 40.2, மெதடோனுக்கு ரி 40.3, பெத்திடின் போன்றவற்றுக்கு ரி 40.4. எப்படி நேர்ந்தது என்பதற்கு வேறு குறியீடு: தற்செயல் என்றால் எக்ஸ் 42, தானே உயிரை மாய்க்க எடுத்தது என்றால் எக்ஸ் 62. விசாரித்தும் முடிவுக்கு வர இயலவில்லை என்றால் மட்டும் வை 12. விசாரிக்காமல் விட்டதற்கு வை 12 இல்லை. சரியான அளவில் முறைப்படி கொடுத்த மோர்பினே பக்கவிளைவைத் தந்திருந்தால் அது வை 45.0, முற்றிலும் வேறு கதை. இந்த வேறுபாட்டை எழுதாமல் விட்டால் நாளை யாரோ ஒருவர் மோர்பின் ஆபத்து என்று சொல்லி, வலியில் துடிக்கும் புற்றுநோயாளிக்கு அதை மறுப்பார். அந்தப் பாவம் நம்மைச் சேரும்.

இன்னொன்று. போதைக்காக ஹெரோயின் எடுத்த இளைஞன் மூச்சு அடங்கிய நிலையில் வந்தால், அபின் வகைப் போதையேறிய நிலைக்கான எஃப் 11.0 என்று எழுதி முடிப்பதைப் பலமுறை கண்டிருக்கிறேன். நஞ்சேறிய நிலை அந்தக் குறியீட்டில் அடங்காது என்று புத்தகமே விலக்கி வைத்திருக்கிறது. பழக்கத்துக்கு அடிமைப்பட்டிருந்தால் எஃப் 11.2 கூடுதலாக வரட்டும். அன்று அவன் உயிருக்கு வந்த ஆபத்து ரி 40.1 தான்.

அப்படி வரும் இளைஞனின் தாய் உங்கள் கையைப் பிடித்துக்கொண்டு, "இரண்டு தங்கைமார் இருக்கிறார்கள் டொக்டர், எழுதாதீர்கள்" என்று கெஞ்சுவதும் எனக்குத் தெரியும். நீங்களும் மனமிரங்கி 'மூச்சுத்திணறல்' என்று எழுதிவிடுகிறீர்கள். அந்தத் தாயிடம் சொல்லுங்கள்: மருத்துவப் புள்ளிவிபரப் பிரிவுக்குப் போகும் காலாண்டு அறிக்கையில் அவர் மகனின் பெயர் இருக்காது. அங்கே அவன் ஓர் எண்ணிக்கை மட்டுமே. அந்த எண்ணிக்கையும் போகாவிட்டால், இந்தக் குடாநாட்டில் ஹெரோயினால் மூச்சு நின்றுபோனவர்கள் யாருமே இல்லை என்றுதான் ஏடு சொல்லும். நலோக்சோன் எந்த வைத்தியசாலையில் எவ்வளவு இருக்க வேண்டும் என்று கேட்பதற்கு நம்மிடம் ஆதாரம் இருக்காது.

பூச்சிமருந்தை நினைத்துப் பாருங்கள். நம் நாட்டில் 1995இல் மோனோகுரோட்டோபொஸ், மெத்தமிடோபொஸ் ஆகியவையும் 1998இல் எண்டோசல்பானும் தடை செய்யப்பட்டன. அதன்பின் தற்கொலை வீதம் பெருமளவு விழுந்தது. 'ஏதோ பூச்சிமருந்து' என்று மட்டும் எழுதி வைத்திருந்தால் எதைத் தடை செய்திருப்பார்கள்?

ஆகவே உங்களிடம் கேட்பது ஒரே வரி. என்ன மருந்து, யாருடையது, எப்படிக் கைக்குப் போனது, தற்செயலா, வேண்டுமென்றா. பிள்ளையைக் கூட்டி வந்தவரிடம் மாத்திரை உறையைக் கொண்டுவரச் சொல்லுங்கள். உறுதியில்லை என்றால் 'மோர்பின் என ஐயம். நலோக்சோனுக்கு விழித்தார்' என்று எழுதுங்கள். பதிவேட்டு அறையிலிருந்து யாராவது ரிக்கற்றைக் கையில் எடுத்துக்கொண்டு விடுதி வாசலில் வந்து நின்றால், கோபிக்காமல் ஒரு நிமிடம் ஒதுக்குங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற மருத்துவப் பதிவேட்டு உத்தியோகத்தர் ஒருவர்,
யாழ்ப்பாணம்.