வாக்குச்சாவடி திறக்கும் முன்பே முடிந்துபோன துனிசியத் தேர்தல்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அரபு நாடுகளில் தேர்தல் நடக்கும்போதெல்லாம் நம் நாளிதழ்களில் ஏறக்குறைய ஒரே செய்திதான் வருகிறது. அதிபர் 90 சதவீதம் வாக்கு வாங்கி வென்றார், எதிர்க்கட்சிகள் ஏற்க மறுத்தன, அத்தோடு முடிந்தது. படிப்பவர்களும் "அந்த ஊர்களுக்கு ஜனநாயகம் சரிப்பட்டு வராது" என்று சொல்லிவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விடுகிறார்கள். துனிசியாவை ஊன்றிப் பார்த்த எவரும் அப்படிச் சொல்ல மாட்டார்கள். அங்கே பத்தாண்டுகள் ஜனநாயகம் நடந்தது. அது எந்தத் தேதியில், எந்தச் சட்டப் பிரிவைப் பிடித்துக்கொண்டு பறிக்கப்பட்டது என்பதைப் படிப்படியாகச் சொல்ல முடியும். அதற்காகவே இந்தக் கடிதம்.

2010 டிசம்பர் 17 அன்று சிதி பூஸித் நகரில் முகமது பூவாஸிஸி தீக்குளித்தார். 2011 ஜனவரி 14 அன்று, 23 ஆண்டுகள் ஆண்ட அதிபர் பென் அலி சவூதிக்குத் தப்பி ஓடினார். 2014 ஜனவரியில் புதிய அரசமைப்புச் சட்டம் வந்தது. தொழிற்சங்கம், முதலாளிகள் சங்கம், மனித உரிமைக் கழகம், வழக்கறிஞர் சங்கம் ஆகிய நான்கும் சேர்ந்து கட்சிகளைப் பேச்சுக்கு உட்கார வைத்ததற்காக 2015இல் அமைதிக்கான நோபல் பரிசு கிடைத்தது. இதுவரை பலருக்கும் தெரிந்த கதை.

அதிகம் பேசப்படாதது, அந்த அரசமைப்பில் எழுதப்பட்டும் கட்டப்படாமலே போன ஒரு நிறுவனம். அதன் பெயர் அரசமைப்பு நீதிமன்றம். அதற்கு 12 உறுப்பினர்கள்: நாடாளுமன்றம் நால்வரைத் தேர்ந்தெடுக்க வேண்டும், நீதிபதிகளின் நியமனத்தைக் கவனிக்கும் உச்ச நீதித்துறை மன்றம் நால்வரை, அதிபர் நால்வரை. நாடாளுமன்றத்தில் ஒருவர் தேர்வாக மூன்றில் இரண்டு பங்கு, அதாவது 217 பேரில் 145 பேரின் வாக்கு வேண்டும். அவர்கள் முடித்தால்தான் மற்ற இரு தரப்பும் தங்கள் ஆட்களைப் போட முடியும். முதல் நாடாளுமன்றத் தேர்தல் முடிந்து ஓராண்டுக்குள் நீதிமன்றம் அமைந்திருக்க வேண்டும். ஆனால் இஸ்லாமியக் கட்சியான என்னஹ்தா முன்மொழிந்தவரை மதச்சார்பற்ற கட்சிகள் ஏற்கவில்லை. அவர்கள் முன்மொழிந்தவரை என்னஹ்தா ஏற்கவில்லை. 2018இல் ஒரே ஒருவர் தேர்வானார். அதற்குப் பிறகு ஒருவரும் இல்லை. 2019 தேர்தலில் முதலிடம் பிடித்த என்னஹ்தாவுக்கே 52 இடங்கள்தான். 145 என்பது எட்டாக்கனி ஆகிவிட்டது.

காலம் கடந்த பிறகுதான் கட்சிகளுக்கு உறைத்தது. 2021இல் தேவையான வாக்கை ஐந்தில் மூன்று பங்காகக் குறைத்துச் சட்டம் இயற்றினார்கள். கெடு எப்போதோ தாண்டிவிட்டது என்று காரணம் சொல்லி அதில் கையெழுத்திட மறுத்தார் அதிபர் கைஸ் சயீத். அவர் 2019இல் 72 சதவீதத்துக்கும் மேல் வாக்குப் பெற்று நேர்மையாக வென்றவர். அதற்கு முன் கல்லூரியில் அரசமைப்புச் சட்டம் கற்பித்தவர். அந்த நீதிமன்றம் இல்லாத நாட்டில் எதையெல்லாம் செய்ய முடியும் என்பது அவருக்குத் தெரியாமல் இருந்திருக்க முடியாது.

மூன்று மாதம்தான். 2021 ஜூலை 25 அன்று அரசமைப்பில் நெருக்கடி காலத்துக்கென உள்ள 80ஆம் பிரிவைக் காட்டி, பிரதமரைப் பதவி நீக்கி, நாடாளுமன்றத்தை முடக்கி, உறுப்பினர்களின் சட்டப் பாதுகாப்பையும் எடுத்துவிட்டார். அந்தப் பிரிவு சொல்வது வேறு. பிரதமரையும் அவைத்தலைவரையும் கலந்துகொள்ள வேண்டும். அரசமைப்பு நீதிமன்றத் தலைவருக்குத் தெரிவிக்க வேண்டும். அந்தக் காலம் முழுவதும் நாடாளுமன்றம் இடைவிடாமல் கூடியிருக்க வேண்டும். அதைக் கலைக்கக் கூடாது. 30 நாள் கழிந்ததும் அவைத்தலைவரோ 30 உறுப்பினர்களோ அரசமைப்பு நீதிமன்றத்துக்குப் போகலாம். நெருக்கடி நீடிக்கிறதா என்று அது தீர்ப்புச் சொல்லும். இத்தனை பூட்டுகளுக்கும் சாவி ஒரே இடத்தில் இருந்தது, அந்த இடமோ காலி. அன்றிரவு அவைத்தலைவரும் என்னஹ்தா தலைவருமான ராஷித் கன்னூஷி நாடாளுமன்ற வாசலுக்குப் போனபோது உள்ளே ராணுவம் நின்றது, கதவு திறக்கவில்லை.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். அந்த இரவில் தலைநகர் துனிஸ் தெருக்களில் மக்கள் கொண்டாடினார்கள். கொரோனா உச்சத்தில் இருந்தது, மருத்துவமனைகளில் ஆக்சிஜன் தட்டுப்பாடு, வேலை இல்லை, அவைக்குள் உறுப்பினர்கள் கைகலந்துகொண்டிருந்தார்கள். கட்சிகள் மேல் மக்களுக்கு இருந்த கோபம் நியாயமானது. சயீத் அதைத்தான் பயன்படுத்திக்கொண்டார்.

அதன் பிறகு நடந்தவை எல்லாம் ஆணைச் சட்டங்கள் வழியாக. 2021 செப்டம்பரில் 117ஆம் ஆணை: அதிபரே சட்டம் போடலாம், அதை எந்த நீதிமன்றமும் கேட்க முடியாது. 2022 பிப்ரவரியில் உச்ச நீதித்துறை மன்றம் கலைப்பு. மார்ச் 30 அன்று நாடாளுமன்றமே கலைப்பு. ஏப்ரலில் தேர்தல் ஆணையத்தின் ஏழு உறுப்பினர்களையும் அதிபர் நியமிக்கும்படி மாற்றம். ஜூன் 1 அன்று 35ஆம் ஆணை: எந்த நீதிபதியையும் அதிபர் நீக்கலாம். அன்றே 57 நீதிபதிகள் நீக்கப்பட்டார்கள். அரசின் முடிவுகளை எதிர்த்த வழக்குகளை விசாரிக்கும் நிர்வாக நீதிமன்றம் ஆகஸ்டில் அவர்களில் ஏறத்தாழ 50 பேரின் நீக்கத்தை நிறுத்தி வைத்தது. அரசு ஒருவரைக்கூடத் திரும்பச் சேர்க்கவில்லை. அவர்கள் மீது குற்ற வழக்குகள் தொடுக்கப்படும் என்று அறிவித்தது. இந்த ஒரு நிகழ்ச்சிதான் பிறகு வந்த எல்லாவற்றுக்கும் அடிப்படை என்பது என் கருத்து. தீர்ப்பு எழுதினால் வேலை போகும், வேலை போனால் வழக்கும் வரும் என்று தெரிந்த நீதிபதியின் முன்னால்தான் அதன் பின் எதிர்க்கட்சிக்காரர்கள் நிறுத்தப்பட்டார்கள்.

2022 ஜூலை 25 அன்று புதிய அரசமைப்புக்குப் பொதுவாக்கெடுப்பு. 94 சதவீதத்துக்கு மேல் ஆதரவு என்று தலைப்புச் செய்தி வந்தது. வாக்களித்தவர்கள் சுமார் 30 சதவீதம்தான். குறைந்தபட்சம் இத்தனை பேர் வாக்களிக்க வேண்டும் என்ற விதியே வைக்கப்படவில்லை. வரைவுக் குழுவின் தலைவராக இருந்த சாதிக் பெல்அயீதே, வெளியிடப்பட்டது தாங்கள் கொடுத்த வரைவு அல்ல என்று சொல்லிவிட்டார். புதிய அரசமைப்பில் அதிபரைப் பதவி நீக்க வழி இல்லை. அரசமைப்பு நீதிமன்றம் அதிலும் இருக்கிறது. இப்போது ஒன்பது பேர், அனைவரும் மூத்த நீதிபதிகள், அதிபரின் ஆணையால் நியமனம். 2024 அதிபர் தேர்தல் நடந்தபோதும் அது அமைக்கப்படவில்லை.

2022 டிசம்பரில் நாடாளுமன்றத் தேர்தல். கட்சிப் பட்டியல் முறை ஒழிக்கப்பட்டு, தனிநபர்களே போட்டியிட வேண்டும், ஒவ்வொருவரும் தம் தொகுதியில் 400 பேரின் சான்றளித்த ஆதரவுக் கையெழுத்து கொண்டுவர வேண்டும் என்று ஆனது. 161 தொகுதிகளில், வெளிநாடுவாழ் துனிசியர்களுக்கான ஏழுக்கு வேட்பாளரே கிடைக்கவில்லை. வாக்களித்தவர்கள் சுமார் 11 சதவீதம்.

எதிர்க்கட்சிகள் இதற்கெல்லாம் என்ன செய்தன? தனித்தனியாக நின்றன. புரட்சியின் ஆண்டு நாளான 2023 ஜனவரி 14 அன்றுகூட, என்னஹ்தா இடம்பெற்ற தேசிய மீட்பு முன்னணி ஓர் இடத்தில், அபீர் மூசியின் சுதந்திர தஸ்தூர் கட்சி வேறிடத்தில், இடதுசாரிகள் இன்னோர் இடத்தில் என்று ஊர்வலம் போனார்கள். அபீர் மூசி பென் அலி காலத்தைப் போற்றுபவர். என்னஹ்தாவைத் தடை செய்ய வேண்டும் என்பது அவர் கொள்கை. இடதுசாரிகளுக்கு இருவரையும் ஆகாது. பத்தாண்டுப் பகைக்குக் காரணங்கள் இருந்தன, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் ஒரு தரப்பின் ஆட்கள் கைதாகும்போது மற்றவர்கள் வாய் திறக்காமல் இருந்ததுதான் அரசுக்குக் கிடைத்த பெரிய வசதி.

அடுத்த மாதமே அது புரிந்துபோனது. 2023 பிப்ரவரியில் "அரசின் பாதுகாப்புக்கு எதிரான சதி" என்ற வழக்கில் கைதானவர்களில் முக்கியமானவர்கள், சிதறிய எதிரணியை ஒரே மேசையில் கூட்டப் பேசிக்கொண்டிருந்தவர்கள்: கையாம் துர்கி, ஜவ்ஹர் பென் முபாரக், இஸ்ஸாம் ஷெப்பி, காஸி ஷவாஷி. வெளிநாட்டுத் தூதர்களைச் சந்தித்தது சான்றாகக் காட்டப்பட்டது. ஏப்ரலில் கன்னூஷி கைது. அக்டோபரில், அதிபர் மாளிகையின் தபால் பிரிவில் மனுக் கொடுக்கப் போன அபீர் மூசியும் கைது. துனிசியச் சட்டப்படி விசாரணைக் காவல் 14 மாதத்துக்கு மேல் போகக் கூடாது. சதி வழக்கில் அது 2024 ஏப்ரலில் முடிந்தது. யாரும் வெளியே வரவில்லை. 2025இல் விசாரணை தொடங்கியபோது குற்றம் சாட்டப்பட்டவர்களை நீதிமன்றத்துக்கே கொண்டுவராமல், சிறையிலிருந்து காணொளி வழியாக ஆஜராகச் சொன்னார்கள். ஒன்றரை மாதத்தில் தீர்ப்பு. சிலருக்கு 60 ஆண்டுகளுக்கும் மேல். மேல்முறையீட்டிலும் 45 ஆண்டுகள் வரை நிலைத்தது.

கட்சிக்காரர்கள் அல்லாதவர்களுக்கு 2022 செப்டம்பரில் வந்த 54ஆம் ஆணை. பொய்ச் செய்தி பரப்பினால் ஐந்தாண்டுச் சிறை, 50,000 தினார் அபராதம். அது அரசு அலுவலரைப் பற்றியது என்றால் இரட்டிப்பு. எது பொய் என்று முடிவு செய்வது யார் என்ற கேள்விக்கு அதில் பதில் இல்லை. தொலைக்காட்சியில் நாட்டு நிலையைப் பற்றி ஒரு வரி கிண்டலாகச் சொன்ன வழக்கறிஞர் சோனியா தஹ்மானியை 2024 மே மாதம் வழக்கறிஞர் சங்கக் கட்டடத்துக்குள்ளேயே புகுந்து பிடித்தார்கள்.

இவ்வளவும் தெரிந்தால்தான் 2024 அக்டோபர் 6 அதிபர் தேர்தல் விளங்கும். போட்டியிட 10 நாடாளுமன்ற உறுப்பினர்கள் அல்லது 40 உள்ளாட்சித் தலைவர்கள் அல்லது 10,000 வாக்காளர்களின் கையெழுத்து வேண்டும். அந்த வாக்காளர்கள் 10 தொகுதிகளில், தொகுதிக்கு 500 பேருக்குக் குறையாமல் இருக்க வேண்டும். இதோடு குற்றப் பின்னணி இல்லை என்ற சான்றையும் இணைக்கச் சொன்னார்கள். அதைக் கொடுப்பது உள்துறை. பலருக்குக் கொடுக்கவே இல்லை. 17 பேர் மனுத் தாக்கல் செய்தார்கள், மூவர் ஏற்கப்பட்டார்கள். தள்ளப்பட்டவர்களில் முன்திர் ஸனைதி, அப்துல்லதீஃப் மக்கி, இமாத் தாயிமி மூவரும் நிர்வாக நீதிமன்றத்தில் வென்றார்கள். தீர்ப்பின் நகல் 48 மணி நேரத்துக்குள் கைக்கு வரவில்லை என்று சொல்லித் தேர்தல் ஆணையம் அவர்களைச் சேர்க்க மறுத்தது. ஏற்கப்பட்ட அயாஷி ஸம்மல் கையெழுத்துகளில் மோசடி என்று செப்டம்பர் தொடக்கத்தில் கைதாகி, வாக்குப்பதிவுக்கு முந்தைய வாரம் 12 ஆண்டு தண்டனை பெற்றார். கடைசியாக, தேர்தலுக்கு ஒன்பது நாள் இருக்கையில், தேர்தல் வழக்குகளை விசாரிக்கும் அதிகாரத்தையே நிர்வாக நீதிமன்றத்திடமிருந்து எடுத்து நாடாளுமன்றம் சட்டம் போட்டது.

எகிப்திலும் வடிகட்டி அதே இடத்தில்தான். அங்கே 20 நாடாளுமன்ற உறுப்பினர்கள் அல்லது 15 மாகாணங்களில் தலா ஆயிரத்துக்குக் குறையாமல் 25,000 கையெழுத்து. 2023இல் அஹ்மத் தன்தாவியின் ஆதரவாளர்கள் பதிவு அலுவலகங்களுக்குப் போனபோது கணினி வேலை செய்யவில்லை என்று திருப்பி அனுப்பப்பட்டார்கள். அவரால் எண்ணிக்கையை எட்ட முடியவில்லை, பிறகு ஓராண்டுச் சிறையும் விதிக்கப்பட்டது. வாக்குப்பெட்டியில் கள்ள வாக்குப் போடும் தேவையே இந்த முறையில் எழுவதில்லை.

ஐரோப்பாவுக்கு இது தெரியாததல்ல. கன்னூஷி சிறைக்குப் போய் மூன்று மாதத்தில், 2023 ஜூலையில், படகில் வருவோரைத் தடுக்கும் பணிக்கென்று 10.5 கோடி யூரோவை உள்ளடக்கிய ஒப்பந்தத்தில் ஐரோப்பிய ஒன்றியம் சயீத்துடன் கையெழுத்திட்டது.

ஆசிரியருக்கு ஒரு வேண்டுகோள். இத்தகைய தேர்தல் செய்திகளில் வெற்றி பெற்றவரின் சதவீதத்தோடு நான்கு எண்களையாவது சேர்த்து அச்சிடுங்கள்: மனுச் செய்தவர்கள், ஏற்கப்பட்டவர்கள், அவர்களில் சிறையில் இருந்தவர்கள், வாக்களித்தவர்கள். 2024 துனிசியாவுக்கு அந்தச் செய்தி இப்படி அமைந்திருக்கும்: சயீத் 90.69 சதவீதம், மனுக்கள் 17, ஏற்றவை 3, சிறையில் ஒருவர், வாக்குப்பதிவு 28.8 சதவீதம்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்