வாடகைக்கு எடுத்த சர்வர் திரும்பி வராத வரைக்கும் வாடகை ஓடும்

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்.

நான் தக்கலை பக்கம் பாத்திரம், பந்தல், நாற்காலி வாடகைக்கு விடுற கடை வச்சிருக்கேன். அப்பா காலத்துல இருந்தே இதுதான் தொழில், இப்போ கருங்கல்லயும் திங்கள்சந்தையிலயும் ஒவ்வொரு குடோன் உண்டு. உங்க பேப்பர காலைல கடை திறக்கதுக்கு முன்னாடி சாயா குடிச்சிட்டே படிச்சிருவேன், லெட்டர் எழுதுறது இதுதான் முதல் தடவ, பிழை இருந்தா திருத்திப் போட்டுக்கோங்க.

போன வாரம் மார்த்தாண்டத்துல வியாபாரிங்க கூட்டம் ஒண்ணு நடந்துச்சு. அதுல ஒருத்தர் வந்து "பில்லிங், ஸ்டாக்கு, கணக்கு எல்லாத்தையும் கிளவுடுக்கு மாத்துங்க, யூஸ் பண்ணுறதுக்கு மட்டும் காசு குடுத்தா போதும்"னு பேசுனாரு. கிளவுடுன்னா பெரிய கம்பெனிங்க வச்சிருக்கிற கம்ப்யூட்டர இன்டர்நெட் வழியா வாடகைக்கு எடுக்கிறது, அந்த கம்ப்யூட்டரத்தான் சர்வர்னு சொல்றாங்க. ரப்பர் ஷீட்டு வாங்குறவரு, அண்டி ஆபீஸ் (முந்திரி ஆலை) முதலாளி, ஜவுளிக்கடைக்காரர்னு எல்லாரும் தலையாட்டிட்டு இருந்தாங்க. எனக்கு மனசு கேக்கல, ஆனா அந்த கூட்டத்துல எந்திச்சு பேசவும் வரல, அதான் உங்களுக்கு எழுதுறேன். யூஸ் பண்ணுறதுக்கு மட்டும் காசுன்னு சொல்றது சரியில்ல ஐயா. எடுத்து வச்சிருக்கதுக்கு காசு. இந்த ஒரு வித்தியாசம் தெரியாம நான் ஒரே மாசத்துல 25,252 ரூபாய் கட்டியிருக்கேன்.

நடந்தத சொல்லிடுறேன். எந்தக் கம்பெனி, எந்தப் பையன்னு பேர் சொல்லப் போறது இல்ல, தப்பு அவங்க மேல மட்டும் இல்ல. கல்யாண சீசன்ல எங்க எந்த அண்டா போச்சு, எந்த வார்ப்பு (பெரிய சமையல் பாத்திரம்) ஒடுங்கி வந்துச்சு, 200 நாற்காலி போன எடத்துல இருந்து ஏன் 193 வந்துச்சுன்னு நோட்டுல பார்த்து முடியல. கடைக்கும் ரெண்டு குடோனுக்கும் ஒரே கணக்கா இருக்கணும்னு தெரிஞ்ச தம்பி ஒருத்தர்கிட்ட சொல்லி ஆப்பு (செயலி) ஒண்ணு செஞ்சோம். பாத்திரம் வெளிய போறப்போ போட்டோ, திரும்பி வர்றப்போ போட்டோ, அது போக கஸ்டமர் பாக்க பந்தல் அலங்கார வீடியோ எல்லாம் உண்டு. தம்பி நல்லவரு, வேலையும் சுத்தம். "கிளவுடுக்கு மாசம் நாலாயிரம் நாலாயிரத்து ஐநூறு வரும் அண்ணாச்சி"ன்னு வாயால சொன்னாரு, நானும் சரின்னு கடை கார்டு நம்பர குடுத்துட்டேன்.

முதல் மாசம் 5,100 வந்துச்சு. பொறவு 7,800 வந்துச்சு. கிறிஸ்மஸ் முடிஞ்சு தை முகூர்த்தம் எல்லாம் சேர்ந்த ஜனவரில பில்லு 21,400, அது மேல 18 சதவீதம் ஜிஎஸ்டி 3,852, ஆக மொத்தம் 25,252. அதுவும் எனக்கு எப்படி தெரிஞ்சதுன்னா, கார்டுல இருந்து தானா பிடிக்கிற பணத்துக்கு ரிசர்வ் பேங்க் 2022 ஜூன்ல இருந்து 15,000 ரூபாய் வரைக்கும்தான் ஓடிபி இல்லாம விடுது, அதுக்கு மேல போனதால பேமெண்ட் நின்னு போச்சு, பொறவுதான் தம்பி போன் பண்ணுனாரு. வரியோட பில்லு 14,000 வந்திருந்தா சத்தமே இல்லாம போயிருக்கும், நானும் அடுத்த மாசமும் அதுக்கு அடுத்த மாசமும் கட்டிக்கிட்டே இருந்திருப்பேன்.

அன்னைக்கு ராத்திரி எம்மவ அந்த பில்ல பிரிண்ட் எடுத்துட்டு வந்தா, பி.காம் படிக்கிற புள்ள. ஒவ்வொரு வரியிலயும் மணிக்கு இத்தன டாலர், ஜிபிக்கு இத்தன டாலர்னு போட்டிருக்கு, படிச்சா தலையும் புரியல வாலும் புரியல. அப்போ நான் கடையில இருக்கிற வாடகை நோட்ட எடுத்து அவகிட்ட குடுத்தேன். அதுல நாலு காலம்தான், பொருளு, போன தேதி, வந்த தேதி, யாருக்குன்னு. இதே மாதிரி இந்த பில்ல எழுது மக்கான்னு சொன்னேன். தம்பிய போன்ல வச்சுக்கிட்டே ஒவ்வொரு வரியா எழுதுனா. ராத்திரி பன்னெண்டு மணிக்கு முடிஞ்சப்போ "வந்த தேதி" காலத்துல பாதிக்கு மேல காலியா கெடந்துச்சு. எங்க தொழில்ல அந்த காலம் காலியா இருந்தா வண்டிய எடுத்துட்டு அந்த வீட்டுக்கே போயிருவோம். கல்யாணம் முடிஞ்சு ஒரு வாரம் ஆனாலும் வார்ப்பு அவங்க வீட்டு பின்பக்கம் கெடந்தா வாடகை ஓடத்தான் செய்யும், அவங்க அதுல பாயசம் வச்சாலும் சரி வைக்கலன்னாலும் சரி.

காலியா கெடந்தது என்னென்னன்னா, ஆப்பு செய்யறப்போ சோதிச்சுப் பாக்க எடுத்த சர்வரும் அதோட டேட்டாபேசும் (கணக்கு விவரம் எல்லாம் சேத்து வைக்கிற எடம்) அப்படியே ஓடிட்டு இருந்துருக்கு, 4,300. முன்னாடி அழிச்ச சர்வரோட டிஸ்க்கு (போட்டோ, வீடியோ, கணக்கு எல்லாம் பதிஞ்சு இருக்கிற பொருளு) தனியா நிக்குது, அது போக தினமும் எடுத்த ஸ்னாப்ஷாட்டு, அதாவது டிஸ்க்கோட நகல், ஒண்ணு கூட அழிக்கல, ரெண்டும் சேர்ந்து 2,100. இது நிறைய பேருக்கு தெரியாது, சர்வர ஆஃப் பண்ணுனா சர்வருக்குத்தான் காசு நிக்கும், அதுல சொருகியிருக்கிற டிஸ்க்குக்கு நிக்காது. பப்ளிக் ஐபி முகவரி, அதாவது இன்டர்நெட்ல சர்வர கண்டுபிடிக்கிற நம்பர், மூணு, அதுக்கு 900. பொதுவா சொல்றேன், முன்னாடி சர்வரோட சேர்த்து சும்மா கிடைச்ச ஐபி முகவரிக்கு இப்போ காசு உண்டு, அமேசான் 2024 பிப்ரவரி 1ல இருந்து ஒரு முகவரிக்கு மணிக்கு 0.005 டாலர் வாங்குது. கேக்க ஒண்ணுமில்லாத மாதிரி இருக்கும், ஒரு மாசத்துக்கு 730 மணி நேரம், பெருக்கிப் பாருங்க, 3.65 டாலர்.

வீடியோ கதைதான் பெருசு. பந்தல் அலங்கார வீடியோ ஒண்ணு 180 எம்பி, போன்ல எடுத்தத அப்படியே ஏத்தி வச்சிருந்தோம், அதுவும் லிங்க தொறந்த உடனே தானா ஓடுற மாதிரி. சீசன்ல வாட்ஸ்அப்ல பரவுனதுல மூவாயிரம் தடவ ஓடியிருக்கு. 3,000 தடவ 180 எம்பின்னா 540 ஜிபி. உள்ள ஏத்துறதுக்கு காசு கெடையாது, வெளிய போறதுக்குத்தான் காசு, முதல் 100 ஜிபி போக மிச்சம் 440 ஜிபிக்கு சுமார் 10 ரூபாய் வச்சு 4,400 ரூபாய். அந்த வீடியோவ பார்த்துட்டு வந்த ஆர்டரு எத்தனன்னு கேட்டா என்கிட்ட பதில் இல்ல. இப்போ அத 12 எம்பியா சுருக்கி, தொட்டாத்தான் ஓடும்னு மாத்தியாச்சு, 100 ஜிபிக்குள்ளேயே அடங்குது.

டேட்டாபேசு 6,800. இதுல தம்பிக்கும் எனக்கும் கொஞ்சம் வாக்குவாதம் ஆச்சு. ஒண்ணு நின்னா இன்னொண்ணு உடனே எடுத்து ஓட்டுற மாதிரி ரெட்டையா வச்சிருந்தாரு, அப்படி வச்சா வெலையும் ரெட்டை. பேங்குக்கு, ஆஸ்பத்திரிக்கு அது வேணும், நான் மறுக்கல. பாத்திரக்கடைக்கு எதுக்கு? ரெண்டு மணி நேரம் நின்னா நோட்டுல எழுதிட்டு பொறவு ஏத்திக்குவோம். ஓகி புயல் அடிச்ச 2017 நவம்பர் 30க்கு பொறவு எத்தன நாளு கரண்டு இல்லாம நோட்ட வச்சே கடை ஓட்டுனோம். ஆனா பேக்கப்பு (கணக்க நகல் எடுத்து வைக்கிறது) கட்டாயம் வேணும், அத கொறைக்க விடமாட்டேன்னு சொன்னேன். நின்னு போறது வேற, தொலைஞ்சு போறது வேற. கடைசில ஒத்தை டேட்டாபேசும் தினசரி பேக்கப்பு 14 நாளைக்கும்னு முடிவாச்சு, டேட்டாபேசு மட்டும் 3,400 ஆகி போச்சு.

இன்னொரு விஷயம், மனசு ரொம்ப வலிச்சது இதுலதான். அக்கவுண்டு தம்பியோட மெயில்ல, தம்பியோட பேர்ல இருந்துச்சு. பில்லு கடைப் பேர்ல இல்ல, கடை ஜிஎஸ்டி நம்பரும் பதியல. அதனால கட்டுன 3,852 ரூபாய்க்கு இன்புட் கிரெடிட் எடுக்க, அதாவது நாம கட்ட வேண்டிய ஜிஎஸ்டில அத கழிச்சுக்க, முடியாதுன்னு ஆடிட்டர் சொல்லிட்டாரு. எச்சரிக்கை மெயிலும் தம்பிக்குத்தான் போயிருக்கு, அவரு அன்னைக்கு வேற எடத்துல வேலையா இருந்தாரு. கடை வாடகை ஒப்பந்தம் நம்ம பேர்ல, கரண்டு கனெக்‌ஷன் நம்ம பேர்ல, இது மட்டும் ஏன் யாரு பேர்லயோ? கிளவுடு எடுக்கப் போற வியாபாரிங்க முதல்ல அக்கவுண்ட கடை மெயில்ல, கடை பேர்ல, ஜிஎஸ்டி நம்பரோட தொறங்க, வேல செய்யறவங்களுக்கு தனியா லாகின் குடுங்க. பட்ஜெட் எச்சரிக்கைன்னு ஒண்ணு உண்டு, இத்தன தொகை தாண்டுனா மெயில் அனுப்பும், அத பாதியில ஒண்ணு முக்கால்ல ஒண்ணுன்னு வச்சுக்கோங்க. அது மெயில் அனுப்பத்தான் செய்யும், தானா எதையும் நிறுத்தாது, நிறுத்தும்னு நெனச்சுட்டு நிம்மதியா தூங்கிராதீங்க. கணக்கு வந்து சேரவே சில மணி நேரம் பிந்தும்.

எங்க பாத்திரத்துல எல்லாம் கடைப் பேர் வெட்டியிருக்கும், எந்த வீட்டுல கெடந்தாலும் நம்மளோடதுன்னு தெரியும். கிளவுடுலயும் அப்படி பேர் வெட்டலாம், டேக்குன்னு சொல்றாங்க, இந்த சர்வர் கருங்கல் குடோனுக்கு, இது சோதனைக்கு, இத எடுத்தது இன்னாருன்னு எழுதி வைக்க அதுக்கு தனி காசு இல்ல. எங்க பில்லுல ஒண்ணுத்துலயும் பேர் இல்ல. இப்போ பேர் இல்லாம எதையும் எடுக்கக் கூடாதுன்னு சொல்லியாச்சு, எம்மவ மாசம் ஒண்ணாம் தேதி நோட்ட வச்சு சரி பாக்கா.

மதிப்பீடு எப்படி போடணும்னு கேட்டா, அமேசான், மைக்ரோசாஃப்ட், கூகுள் மூணு பேருமே விலை கணக்குப் போட இணையத்துல சும்மாவே கால்குலேட்டர் வச்சிருக்காங்க. அதுல ஊரு எதுன்னு முதல்ல தேர்ந்தெடுக்கணும், மும்பைக்கு ஒரு வெல அமெரிக்காவுக்கு ஒரு வெல. வர்ற தொகை வரி சேர்க்காம இருக்கும், டாலர்ல இருந்தா ரூபாய்க்கு மாத்தி, 18 சதவீதத்த நாமதான் சேக்கணும். அது போக நான் சொல்றது, சாதா மாசத்துக்கு ஒண்ணு, சீசன் மாசத்துக்கு ஒண்ணுன்னு ரெண்டு கணக்கு போடுங்க. தம்பி போட்டது ஆடி மாச கணக்கு, வந்தது தை மாச பில்லு. நம்ம மாவட்டத்துல கோட்டாறு சவேரியார் கோயில் திருவிழா, கிறிஸ்மஸ், தை கல்யாணம், மண்டைக்காடு கொடைன்னு வரிசையா வரும், சராசரி பார்த்தா ஏமாந்து போவோம்.

ஒரு வருஷம் மூணு வருஷம் எடுத்துக்குறேன்னு எழுதிக் குடுத்தா நிறைய தள்ளுபடி உண்டுன்னு அந்த கூட்டத்துல சொன்னாங்க. உண்மைதான், தள்ளுபடி நல்ல தள்ளுபடிதான். ஆனா ஆறு மாசம் ஓட்டிப் பாக்காம எழுதிக் குடுக்காதீங்க. வருஷம் பூரா வெளிய போற அண்டாவ நான் சொந்தமா வாங்கிப் போடுவேன், சீசனுக்கு மட்டும் வேணும்னா நாகர்கோவில்ல இன்னொரு கடையில வாடகைக்கு எடுப்பேன், எது எதுன்னு தெரிய ஒரு வருஷ நோட்டு வேணும்ல. எங்க சோதனை சர்வர் இப்போ வேல நடக்கிற நாள்ல மட்டும்தான் ஓடுது, தினம் 10 மணி நேரம் 26 நாளுன்னு வச்சாலும் 260 மணி நேரம்தான், 730க்கு பாதி கூட இல்ல.

இப்போ மாசம் 7,500, வரியோட 8,850. ஜனவரில 310 ஆர்டரு, அப்போ ஒரு ஆர்டருக்கு கிளவுடு செலவு 81 ரூபாய் ஆச்சு, இப்போ உள்ள செலவுக்கு அதே 310 ஆர்டருன்னா 29 ரூபாய்க்குள்ள வரும். பில்லு கூடுதா கொறையுதான்னு பாக்குறத விட ஒரு ஆர்டருக்கு எவ்வளவுன்னு பாக்குறதுதான் எனக்கு சரியா படுது. வியாபாரம் கூடி பில்லு கூடுனா நான் கவலப்பட மாட்டேன்.

ஐயா, உங்ககிட்டயும் நம்ம மாவட்டத்து காலேஜ்காரங்ககிட்டயும் ஒரு வேண்டுகோள். எங்க மாதிரி கடைகளுக்கு ஆப்பு செஞ்சு குடுக்கிறது பெரும்பாலும் நம்ம ஊரு இஞ்சினியரிங் காலேஜ்ல படிச்ச புள்ளைங்கதான், அதுல நிறைய பேரு தினம் ரயிலேறி திருவனந்தபுரம் டெக்னோபார்க்குக்கு போய் வர்றவங்க. கெட்டிக்காரப் புள்ளைங்க. ஆனா செஞ்ச பொருளுக்கு மாசம் என்ன செலவாகும்னு ரூபாயில எழுதிக் குடுக்க யாரும் அவங்களுக்கு சொல்லிக் குடுக்கல. கடைசி வருஷ ப்ராஜெக்டுல அந்த ஒரு பக்கத்த சேருங்க, சர்வர் இவ்வளவு, டிஸ்க்கு இவ்வளவு, வெளிய போற டேட்டா இவ்வளவு, சீசன்ல இவ்வளவுன்னு. நீங்களும் உங்க பேப்பர்ல வியாபாரப் பக்கத்துல இத பத்தி தமிழ்ல தொடர்ந்து எழுதுங்க, அந்த மார்த்தாண்டம் கூட்டத்துல கையெழுத்து போட ரெடியா இருந்தவங்க எல்லாரும் உங்க பேப்பர்தான் படிக்கிறாங்க. எங்க நோட்டு மாதிரி நாலு காலம் போட்டு எம்மவ ஒரு பக்கம் எழுதி வச்சிருக்கா, வேணும்னா அனுப்பி வைக்கேன், போட்டுக்கோங்க.

இப்படிக்கு,
பாத்திர வாடகைக் கடைக்காரர்,
தக்கலை, கன்னியாகுமரி மாவட்டம்.