நிக்கொலாவ் பிரெய்னரை எனக்குக் காட்டியவர்களுக்கு

அன்புடையீர்,

போர்ச்சுகல் நடிகர் நிக்கொலாவ் பிரெய்னரைப் பற்றி நான் எழுதிவந்த நீண்ட கட்டுரை அச்சுக்குப் போய்விட்டது. தலைப்பின் கீழே என் பெயர் மட்டும்தான் இருக்கும். அது நியாயமில்லை என்பதால் இந்த மடல்.

முதல் நன்றி, லிஸ்பனில் எனக்கு அறை கொடுத்த அம்மாவுக்கு. அவர் தெற்கே அலென்தேஜு பகுதிக்காரர். பிரெய்னர் 1940இல் பிறந்த செர்ப்பா ஊரும் அங்கேதான். 1977இல் பிரேசிலின் ‘காப்ரியேலா’ தொடர் வந்தபோது, அது ஓடும் நேரத்தில் வீட்டில் அடுப்புகூட எரியாது என்று சொல்லிச் சிரிப்பார். 1982இல் போர்ச்சுகல் தன் முதல் நெடுந்தொடரைத் தானே எடுத்தது: ‘விலா ஃபாயா’. ஒயின் தயாரிக்கும் பணக்காரக் குடும்பத்தின் கதை. அதன் உருவாக்கத்தில் முன்னின்ற பிரெய்னர் முதலாளியாக நடித்திருக்கலாம். நடித்ததோ கொடூன்யா என்ற லாரி ஓட்டுநராக. பழைய பதிவைப் பார்க்கும்போது அந்த அம்மா என் முழங்கையைத் தட்டிக்கொண்டே இருந்தார். கொடூன்யா பேசுவதை விட்டுவிடு, எதிரே இருப்பவர் பேசும்போது அவன் முகத்தைப் பார் என்றார். அந்த ஒரு தட்டலில்தான் என் கட்டுரையின் பாதி பிறந்தது.

அடுத்து, ஓய்வுபெற்ற அந்தப் பள்ளி ஆசிரியருக்கு. 1975இல் பிரெய்னரும் எர்மான் ஜொசேயும் தொலைக்காட்சியில் ‘திருவாளர் மகிழ்ச்சி, திருவாளர் நிறைவு’ என இருவராக வந்து, நாடு எப்படிப் போகிறது என்று பாட்டாகவே விசாரித்துக்கொள்வார்கள். சர்வாதிகாரம் வீழ்ந்து ஓராண்டுதான் ஆகியிருந்தது. தணிக்கையாளரின் கத்தரிக்குப் பழகிய ஒரு நாட்டில் அந்தக் கேள்வியை உரக்கக் கேட்பதே வேடிக்கை என்பதை, சாப்பாட்டு மேசையில் தாளம் போட்டுப் பாடிக் காட்டித்தான் அவர் எனக்குப் புரியவைத்தார். எர்மான் அப்போது புதுமுகம், பிரெய்னரைவிட 14 வயது இளையவர். பெயரெடுத்த ஒருவர் புதியவனுக்கு இப்படி இடம்விட்டு நிற்பது எந்த ஊர்த் திரையிலும் அபூர்வம்.

லிஸ்பனின் திரைப்படக் காப்பகமான சினிமாத்தேக்காவின் நூலக ஊழியர்களுக்கும், பழைய நிகழ்ச்சிகளை இணையத்தில் திறந்து வைத்திருக்கும் போர்ச்சுகலின் பொதுத் தொலைக்காட்சியான ஆர்.டி.பி. நிறுவனத்துக்கும் நன்றி. இயக்குநர் அந்தோனியு பெத்ரு வஷ்கொன்செலுஷின் படங்களைத் தேடித் தந்த நண்பருக்குத் தனியாக ஒரு கும்பிடு. ‘இமார்த்தைஷ்’ படத்தில் (2003) ஓய்வு பெறப்போகும் போலீஸ் அதிகாரியாக வரும் பிரெய்னரைப் பார்க்காமல் இதை எழுதியிருந்தால் கட்டுரை வெறும் தேதிப் பட்டியலாகியிருக்கும். ‘கால் கேர்ள்’ (2007) படத்தில் அவர் லஞ்சத்துக்கு விழும் நகர்மன்றத் தலைவர். 1993இல் செர்ப்பாவின் நகர்மன்றத் தலைவர் பதவிக்கு உண்மையிலேயே போட்டியிட்டவர் அவர் என்பதையும் இந்த நண்பர்தான் சொன்னார். ஊர் தராத நாற்காலியைச் சினிமா தந்தது. அதிலும் உட்கார்ந்த உடனே மாட்டிக்கொண்டார்!

2016 மார்ச்சில் அவர் இறந்த செய்தி வந்த நாளின் செய்தித்தாளை மடிப்புக் கலையாமல் வைத்திருந்து எனக்குக் கொடுத்த பெட்டிக்கடைக்காரருக்கும், என் பிழைகளைச் சிவப்பு மையில் குளிப்பாட்டிய ஆசிரியர் குழுவுக்கும் நன்றி.

இதழ் வந்ததும் எல்லோருக்கும் பிரதி அனுப்புகிறேன். நூலகத்திலிருந்து முன்கூட்டியே இரண்டு கேட்டிருக்கிறார்கள். அங்கே தமிழ் படிக்க ஆளில்லையே என்றேன். அடுக்கில் இருந்தால் என்றாவது ஒருவர் வருவார் என்று பதில் வந்தது.

நன்றியுடன்,
கட்டுரையாளன்