ஒரே ஒரு சுரம் நகரும்போது: பிலிப் கிளாஸ் அவர்களுக்கு ஒரு கடிதம்

அன்புள்ள பிலிப் கிளாஸ் அவர்களுக்கு,

வணக்கம். ஆவணப்படங்களுக்குப் படத்தொகுப்பு செய்து பிழைப்பவன் நான். சென்ற வாரம் ஓர் இரவு வேலை முடிந்ததும் நீங்கள் இசையமைத்த, எரோல் மோரிஸ் இயக்கிய ‘தி தின் புளூ லைன்’ ஆவணப்படத்தை மறுபடியும் பார்த்தேன். எத்தனையாவது முறை என்று கணக்கு வைத்துக்கொள்ளவில்லை. உங்களுக்கு எழுத வேண்டும் என்று வருடக்கணக்காக நினைத்துத் தள்ளிப்போட்டு வந்தேன். அன்றைக்கு அப்படித் தள்ளிப்போட முடியவில்லை, எழுத உட்கார்ந்துவிட்டேன்.

1976 நவம்பரில் டல்லாஸில் ஒரு போலீஸ்காரர் சுட்டுக் கொல்லப்படுகிறார். ராண்டல் ஆடம்ஸ் என்ற நிரபராதிக்கு மரண தண்டனை விதிக்கிறார்கள். தூக்குக்கு நாள் குறித்தாயிற்று என்பார்களே, அந்த நிலையில் மூன்றே நாள் மிச்சமிருக்கும்போது அது நிறுத்திவைக்கப்பட்டது. படத்தில் அந்தக் கொலை திரும்பத் திரும்ப நடக்கிறது, ஒவ்வொரு சாட்சியும் சொன்னபடி ஒரு தடவை. கார் நிற்கிறது. போலீஸ்காரர் நடந்து வருகிறார். துப்பாக்கி வெடிக்கிறது. கூட இருந்த பெண் காவலர் கையிலிருந்த மில்க்‌ஷேக்கை வீசுகிறார். அந்தக் குவளை இருட்டில் மெல்லச் சுழன்று போய்த் தரையில் விழுந்து சிந்துகிறது.

உங்கள் இசையும் அங்கே அதையேதான் செய்கிறது. ஒரு சிறு சுரக்கோவை சுற்றிச் சுற்றி வருகிறது. நாம் அசந்த நேரத்தில் அதில் ஒரே ஒரு சுரம் இடம் மாறியிருக்கிறது. அந்த மாற்றத்துக்குக் காது பழகிவிட்டால் கண்ணும் பழகிவிடுகிறது. போன தடவை சாட்சி இப்படிச் சொல்லவில்லையே என்று மனம் தானாகக் கேட்கத் தொடங்குகிறது. யார் பொய் சொல்கிறார் என்று உங்கள் இசை ஓரிடத்திலும் காட்டிக்கொடுப்பதில்லை. விசாரிக்கிற வேலையை எங்களிடம் விட்டுவிடுகிறது. படம் வந்தது 1988இல். மறு ஆண்டு மார்ச்சில் ஆடம்ஸ் சிறையிலிருந்து வெளியே வந்தார், 12 ஆண்டுகளுக்குப் பிறகு.

இந்தச் சுற்று உங்களுக்கு எங்கிருந்து கிடைத்தது என்பது எனக்கு மிகவும் நெருக்கமான செய்தி. அறுபதுகளில் பாரீஸில், ஒரு படத்துக்காக ரவிசங்கர் சொல்லச் சொல்ல நீங்கள் மேற்கத்திய வாத்தியக்காரர்களுக்கு எழுதிக் கொடுத்தீர்கள். தாளத்தைப் பிரித்துக் காட்ட எங்கே கோடு போட்டாலும் அழுத்தம் தவறான இடத்தில் விழுந்தது. எல்லாச் சுரமும் சமம் என்று தபலா கலைஞர் அல்லா ரக்கா சொல்லிக்கொண்டே இருந்தார். கடைசியில் கோடுகள் அத்தனையையும் அழித்தீர்கள், தாளம் தெரிந்தது. தகிட, தகதிமி என்று கொன்னக்கோலில் கூட்டிக் கூட்டிப் போவதைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு, உங்கள் இசையில் இரண்டும் மூன்றும் சேர்ந்து நீள்வது ஏன் பழகிய வீடு போல இருக்கிறது என்று இதைத் தெரிந்துகொண்டபோதுதான் எனக்கு விளங்கியது.

அதன் பிறகும் 41 வயது வரை டாக்சி ஓட்டினீர்கள், குழாய் வேலை பார்த்தீர்கள். ஒரு வீட்டில் பாத்திரம் கழுவும் இயந்திரம் பொருத்திக்கொண்டிருந்த உங்களைப் பார்த்து அந்த வீட்டுக்காரரான கலை விமர்சகர் ராபர்ட் ஹியூஸ் திகைத்துப் போனதைப் படித்திருக்கிறேன். சினிமாவுக்கு இசை எழுதுவதில்லை என்று இயக்குநர் காட்ஃப்ரி ரெஜியோவிடம் நீங்கள் முதலில் மறுத்ததையும் படித்திருக்கிறேன். அவர் விடாப்பிடியாக நிற்காமல் போயிருந்தால் ‘கோயானிஸ்காட்சி’ இல்லை. ஒரு வார்த்தை பேச்சுகூட இல்லாத அந்த 1982ஆம் ஆண்டுப் படம்தான் உங்களை இந்தத் துறைக்குள் இழுத்து வந்தது.

அவருடைய அடுத்த படம் ‘போவாக்காட்சி’. பிரேசிலின் செர்ரா பெலாடா தங்கச் சுரங்கம். சேறு வழியும் மூட்டைகளைச் சுமந்து ஆயிரக்கணக்கானவர்கள் சரிவில் ஏறுகிறார்கள். நினைவிழந்த ஒருவனை இருவர் தோளில் போட்டுக்கொண்டு மேலே வருகிறார்கள். வேறு யாராக இருந்தாலும் அந்த இடத்தில் ஒப்பாரி வைத்திருப்பார்கள். நீங்கள் தாரையும் முரசும் முழங்க விட்டீர்கள். அவர்களைப் பார்த்து இரக்கப்படத் தோன்றவில்லை எனக்கு. அவர்களுடைய பலத்தைப் பார்த்தேன்.

என் வேலையில் நான் செய்த ஒரு தவறைச் சொல்ல வேண்டும். கடலில் கணவனைப் பறிகொடுத்த ஒரு அக்கா முறத்தில் அரிசி புடைத்தபடியே கேமராவுக்கு முன் பேசினார். அழவில்லை. படகு எந்த நாள் போனது, யார் வந்து சொன்னார்கள், அன்று என்ன சமைத்திருந்தார் எல்லாம் ஒரே குரலில் சொன்னார். ‘காட்சி வறட்சியாக இருக்கிறது, வயலின் போடு’ என்றார் தயாரிப்பாளர். போட்டேன். திரையிடலில் பலர் கண்ணைத் துடைத்தார்கள். எனக்கு மட்டும் அந்த முறத்தின் சத்தம் கேட்கவில்லையே என்று இருந்தது. அவருடைய நிதானத்தை நான் திருடிவிட்டேன்.

மோரிஸின் ‘தி ஃபாக் ஆஃப் வார்’ படத்தில் அமெரிக்காவின் முன்னாள் பாதுகாப்பு அமைச்சர் மெக்னமாரா, இரண்டாம் உலகப் போரில் அமெரிக்க விமானங்கள் டோக்கியோவில் ஓரிரவில் ஒரு லட்சம் பேரை எரித்ததைப் பற்றிப் பேசுகிறார். ஜப்பானிய நகரங்களின் மேல் குண்டுகளுக்குப் பதிலாக எண்கள் விழுகின்றன. அந்த எண்களோடு உங்கள் இசை ஓடுகிறது, ஒரு சொட்டுக் கண்ணீர் கேட்காமல். படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது. உங்களுக்குக் கிடைத்த மூன்று ஆஸ்கர் பரிந்துரைகளும் கதைப்படங்களுக்குத்தான். அதை நினைத்தால் எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது.

நேற்று அந்த அக்காவின் பழைய கோப்பைத் தேடி எடுத்தேன். வயலினை நீக்கிவிட்டு ஓட்டினேன். நாள், பெயர், அன்றைய குழம்பு. ஒவ்வொன்றுக்கும் நடுவில் மூன்று புடை, சிறு நிறுத்தம், மறுபடி மூன்று புடை. விடியும் வரை அதையே கேட்டுக்கொண்டிருந்தேன்.

அன்புடன்,
ஒரு படத்தொகுப்பாளன்