வீணையும் படக்கருவியும் ஒரே கையில்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். இசைக்கலைஞர் ஒருவர் படம் இயக்க வந்தால் அதை இன்றைய புதுமையாகவே எழுதும் வழக்கம் பரவியிருக்கிறது. வீணைக் கலைஞராகவும் திரைப்பட இயக்குநராகவும் விளங்கிய வீணை எஸ். பாலசந்தரை நாம் எந்த அளவுக்கு மறந்துவிட்டோம் என்பதையே இது காட்டுகிறது. (பெயரைச் சொன்னதும் இயக்குநர் கே. பாலசந்தர்தானே என்று கேட்பவர்களும் உண்டு.)

1934-இல் வெளிவந்த 'சீதா கல்யாணம்' படத்தில் கஞ்சிரா வாசிக்கும் சிறுவனாகத் தோன்றிய அவர், பின்னாளில் குரு எவரிடமும் பயிலாமல் தாமாகவே வீணை கற்று, 1982-இல் பத்மபூஷண் விருது பெறும் அளவுக்கு உயர்ந்தார். ஆனால் கச்சேரி உலகத்தார் அவருடைய படங்களை இளமைக்கால விளையாட்டாக எண்ணி ஒதுக்குகிறார்கள். திரைப்படம் பற்றி எழுதுவோரோ வீணையை அவர் பெயருக்கு முன்னொட்டாக வைத்துக்கொள்வதோடு சரி. இரு சாராரும் பாதி மனிதரைத்தான் பார்க்கிறார்கள் என்பது என் எண்ணம்.

1954-இல் ஏ.வி.எம். தயாரிப்பில் அவர் இயக்கிய 'அந்த நாள்' படத்தில் ஒரு பாடல்கூடக் கிடையாது. பாட்டுக்காகவே படம் ஓடிய காலத்தில், அதுவும் சிவாஜி கணேசனைக் கதாநாயகனாக வைத்துக்கொண்டு, எடுத்த எடுப்பிலேயே அந்தக் கதாநாயகன் சுடப்பட்டு விழும் காட்சியோடு படத்தைத் தொடங்கி, ஒவ்வொருவர் வாக்குமூலமாகக் கதையை நகர்த்திச் சென்றார். பாட்டு தெரியாதவர் பாட்டைத் தவிர்த்திருந்தால் அது வேறு கதை. எந்த இடத்தில் இசை வேண்டாம் என்பதை இசை தெரிந்த ஒருவரே துணிந்து முடிவு செய்தார் என்பதில்தான் அப்படத்தின் அருமை இருக்கிறது.

பத்தாண்டுகள் கழித்து, 1964-இல், அவரே தயாரித்து, இயக்கி, நடித்து, இசையும் அமைத்த 'பொம்மை' வந்தது. வெடிகுண்டு வைத்த பொம்மை ஒன்று கைமாறிக்கொண்டே போகிறது. அது எப்போது வெடிக்குமோ என்று நாம் பதைத்துக்கொண்டிருக்கிறோம். வீணையில் பாலசந்தர் ஒரே மெட்டில் (தந்திக்குக் கீழே உள்ள உலோகக் கட்டையில்) விரலை வைத்துத் தந்தியை இழுத்து இழுத்துப் பல சுரங்களை வரவழைத்து, போய்ச்சேர வேண்டிய சுரத்தைத் தள்ளிப்போட்டுக்கொண்டே செல்வதைக் கேட்டவர்களுக்கு இந்தப் பதைப்பு புதிதாக இருக்காது. கே.ஜே. யேசுதாஸும் இப்படத்தில் பாடியிருக்கிறார். முடிவில் பாலசந்தரே திரையில் தோன்றித் தம்மோடு பணியாற்றிய கலைஞர்களை அறிமுகப்படுத்துவார். கச்சேரி மேடையில் பக்கவாத்தியக்காரர்களுக்குச் செய்யும் மரியாதையாகவே எனக்கு அது படுகிறது.

2027 ஜனவரி 18 அவருடைய நூற்றாண்டு நாள். அதையொட்டித் தங்கள் நாளிதழ் சிறப்புப் பக்கம் வெளியிடுமானால், இசை விமர்சகர் ஒருவரிடம் அவருடைய படங்களைப் பற்றியும், திரை விமர்சகர் ஒருவரிடம் கர்நாடக இசையின் தாய் ராகங்களான 72 மேளகர்த்தா ராகங்களையும் அவர் வாசித்து வெளியிட்ட இசைத்தட்டுகளைப் பற்றியும் எழுதி வாங்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நீண்டநாள் வாசகர்