ஒருவருக்கான அளவு

அன்பு மகளுக்கு,

அம்மா எழுதிக்கொள்வது. இரண்டு மாதங்களாகப் பேச நேரமில்லாதிருந்த நீ, செவ்வாய்க்கிழமை நள்ளிரவில், "கொழுக்கட்டைக்கு மாவு ஒருவருக்கு எவ்வளவு?" என்று ஒரே ஒரு வரி அனுப்பியிருந்தாய். கைப்பேசியிலேயே பதில் எழுதி நான்கு முறை அழித்துவிட்டு, கடைசியில் காகிதத்தை எடுத்துக்கொண்டேன். சதுர்த்திக்கு இன்னும் மூன்று வாரம் இருப்பதால் அதற்குள் உன் கைக்கு வந்துவிடும்.

ஒருவருக்கு என்று ஓர் அளவு நம் வீட்டில் இருந்ததில்லை. பிள்ளையாருக்கே 21 படைக்க வேண்டும். ஒன்றரைத் தம்ளர் மாவு அதற்குச் சரியாக இருக்கும். மாப்பிள்ளைக்கு இனிப்பு ஆகாது, அதனால்தான் அவள் அப்படிக் கேட்டிருப்பாள் என்கிறார் உன் அப்பா. இருக்கலாம். ஆனால் அவருக்கு உளுந்துக் கொழுக்கட்டை பிடிக்குமே. தலைதீபாவளிக்கு வந்தபோது கேட்டுச் செய்யச் சொன்னாரே.

நான் பச்சரிசியை இரண்டு மணி நேரம் ஊறவைத்து வடித்து, அப்பாவின் பழைய வேட்டியில் நிழலில் பரப்பி, கையில் ஈரம் தட்டும் பதத்திலேயே அரைத்துச் சலித்துக்கொள்கிறேன். உனக்குக் கடையில் கிடைக்கும் இடியாப்ப மாவே போதும். அது வறுத்துக் காய்ந்த மாவு என்பதால் தண்ணீரை அதிகம் குடிக்கும். வீட்டு மாவுக்குத் தம்ளருக்கு ஒன்றரைத் தம்ளர் தண்ணீர் என்றால், அதற்கு இரண்டுக்குப் பக்கமாக வேண்டியிருக்கும். தண்ணீரில் உப்பும் ஒரு கரண்டி நல்லெண்ணெயும் விட்டு, தளதளவென்று கொதித்ததும் தணலைக் குறைத்து மாவைத் தூவிக் கிளறி மூடிவிட்டு, கை பொறுக்கும் சூட்டிலேயே பிசைந்துவிடு. ஆறிய மாவில் சொப்பு வெடிக்கும். பிசைந்ததை ஈரத்துணியால் மூடி வை.

பூரணத்துக்குத் தேங்காயின் வெள்ளைப் பகுதியை மட்டும் துருவிக்கொள். துருவல் எவ்வளவோ வெல்லமும் அவ்வளவு. வெல்லத்தைக் கரைத்து வடிகட்டாமல் சேர்க்காதே, மண் இருக்கும். உருட்ட வருகிறது என்று தெரிந்த உடனேயே இறக்கிவிடு, இறுகக் கிளறாதே. தளர்ந்து போனால் ஒரு கரண்டி அரிசிமாவைச் சேர்த்துச் சமாளிக்கலாம், இறுகியதை ஒன்றும் செய்ய முடியாது.

சொப்பு செய்ய உனக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை. ஒன்பதாம் வகுப்பிலேயே உன் சொப்பின் மெலிவைப் பார்த்துவிட்டு, "உன் அம்மாவுக்கு இந்தக் கை வாய்க்கவில்லை" என்று ஆச்சி எல்லோருக்கும் முன்னால் சொன்னது எனக்கு ஒரு பக்கம் சுருக்கென்றும் ஒரு பக்கம் பெருமையாகவும் இருந்தது. அப்படிப்பட்ட கையை வைத்துக்கொண்டு, கல்யாணமாகி இத்தனை வருடத்தில் ஒரு முறைகூடச் செய்யாதவளுக்கு இந்த வருடம் மட்டும் ஏன் தோன்றியது என்று யோசித்துக்கொண்டே இருக்கிறேன்.

இங்கே மலைக்கோட்டையில் வழக்கம்போல உச்சிப்பிள்ளையாருக்கு 75 கிலோவும் கீழே மாணிக்க விநாயகருக்கு 75 கிலோவுமாகக் கொழுக்கட்டை செய்வார்கள். துணியில் தொட்டில்போலக் கட்டி அதை மேலே தூக்கிச் செல்வதைப் பார்க்கப் போவேன் என்று, இந்த முழங்காலை வைத்துக்கொண்டு, அப்பா பிடிவாதம் பிடிக்கிறார். அதைப் பிறகு எழுதுகிறேன். பூரணத்தை இறுகக் கிளறாதே.

நான்கு வருடங்களுக்கு முன், சதுர்த்தியன்று காலையில் நீ அழைத்தாய். "அம்மா, எனக்கு இங்கே" என்று தொடங்கினாய். அடுப்பில் பூரணம் இருக்கிறது, விட்டால் அடிப்பிடித்துவிடும், சாயங்காலம் பேசு என்று சொல்லி வைத்துவிட்டேன். சாயங்காலம் நீ அழைக்கவில்லை, நானும் அழைக்கவில்லை. காலையில் நீ அழைத்தபோதே அடுப்பை அணைத்து அரைமணி நேரம் ஆகியிருந்தது. பூரணம் உருட்டித் தட்டில் அடுக்கியிருந்தது. கூடத்தில் உன் மாமனாரும் மாமியாரும் உட்கார்ந்திருந்தார்கள். உன் குரலிலேயே விஷயம் புரிந்துவிட்டதால், அது அவர்கள் காதில் விழுந்துவிடக் கூடாதே என்பதுதான் எனக்குப் பெரிதாக இருந்தது. இதை உன் அப்பாவிடம்கூட நான் சொன்னதில்லை.

இட்லித் தட்டில் எண்ணெய் தடவிப் பத்து நிமிடம் ஆவியில் வேகவிடு. மேல்தோல் பளபளத்து, ஈரக்கையால் தொட்டால் ஒட்டாமல் இருந்தால் வெந்துவிட்டது என்று பொருள். சூட்டோடு எடுத்தால் கிழியும் என்பதால் ஐந்து நிமிடம் அப்படியே விட்டுவிட்டு, அந்த நேரத்தில் எனக்குப் பேசு. இங்கே எத்தனை மணியானாலும் பரவாயில்லை; அன்றைக்கு நான் என் சமையலை விடியற்காலையிலேயே முடித்துவிடுவேன், வீட்டுக்கும் யாரையும் அழைக்கவில்லை.

மிஞ்சிய மாவை எறிந்துவிடாமல் சிறு சிறு மணிகளாக உருட்டி வேகவைத்து, கடுகு, மிளகாய் தாளித்துக்கொள், இரவுக்கு ஆகும். ஈரத்துணியை மறந்துவிடாதே.

அம்மா