தள்ளுபடி செய்யும் முன் மனுதாரரிடம் ஒரு முறை கேளுங்கள்

உயர் நீதிமன்றங்களின் மாண்புமிகு நீதிபதிகளுக்கு,

வணக்கம். மனுதாரரும் வரவில்லை, அவருடைய வழக்கறிஞரும் வரவில்லை என்பதால் மனுவைத் தள்ளுபடி செய்யும் உத்தரவுகளைப் பற்றி எழுதுகிறேன்.

இடைக்காலத் தடை கையில் கிடைத்ததும் வாய்தா மேல் வாய்தா வாங்கி வழக்கைக் கிடப்பில் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். எதிர்த்தரப்பு ஆண்டுக்கணக்கில் அலைகிறது. அந்த மனுக்களைச் செலவுத் தொகையோடு தள்ளுங்கள். எனக்கு மறுப்பே இல்லை.

ஆனால் வராதவர்கள் எல்லோரும் வழக்கைக் கைவிட்டவர்கள் அல்லர். வழக்கறிஞர் இறந்திருப்பார், வழக்குக் கட்டு யாரிடம் போனது என்றே கட்சிக்காரருக்குத் தெரியாது. கட்டணம் பாக்கி என்பதால் வழக்கறிஞர் சொல்லாமலே ஒதுங்கியிருப்பார். வழக்கறிஞரை நியமிக்கும் வக்காலத்தில் கையெழுத்திட்ட நாள்முதல் 'தேதி வந்தால் கூப்பிடுகிறேன்' என்ற ஒரு சொல்லை நம்பி வீட்டில் காத்திருக்கிறவர், நீதிமன்றத்தின் கண்ணில் அக்கறையற்றவராகிவிடுகிறார்.

அதன்பின் நடப்பது கொடுமை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9-ஆம் கட்டளை 8-ஆம் விதியின்படி தள்ளுபடியான வழக்கை அதே காரணத்துக்காகப் புதிதாகப் போட முடியாது. மீண்டும் கோப்பில் எடுக்கக் கோருவதற்கு 1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் தருவது 30 நாள். அதுவும் தள்ளுபடியான தேதியிலிருந்தே ஓடுகிறது. செய்தியே எட்டாதவர் 30 நாளுக்குள் எப்படி வருவார்? தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, வழக்கை மீட்க இன்னொரு மனு, இரண்டுக்கும் மறுபடி வழக்கறிஞர் கட்டணம். பலர் இங்கேதான் உண்மையாகவே வழக்கைக் கைவிடுகிறார்கள்.

வழக்கறிஞர் வராத தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று ரபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1981-லேயே சொல்லிவிட்டது. குற்றவியல் மேல்முறையீட்டை ஆள் வரவில்லை என்பதற்காகத் தள்ளக் கூடாது, ஆவணங்களைப் பார்த்தே முடிவு செய்ய வேண்டும் என்று 1996-இல் பானி சிங் வழக்கில் தீர்ப்பளித்தது. சிறைத் தண்டனை பெற்றவருக்குக் கிடைக்கும் இந்தப் பாதுகாப்பில் ஒரு பகுதியாவது நிலத்தை இழக்கிறவருக்கும், ஓய்வூதியம் கேட்டு உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்ட முதியவருக்கும் வேண்டாமா?

நான் கேட்பது சிறியது. தள்ளுபடி செய்வதற்கு முன் ஒரே ஒரு வாய்தா கொடுத்து, மனுதாரரின் முகவரிக்கே நேரடியாக அறிவிப்பு அனுப்பச் செய்யுங்கள். வழக்கறிஞருக்கு அனுப்பியது போதும் என்று விடாதீர்கள். நீதிமன்றங்களைக் கணினிமயமாக்கும் இ-கோர்ட்ஸ் திட்டத்தில் குறுஞ்செய்தி வசதி ஏற்கெனவே உண்டு. அது மனுதாரரின் கைப்பேசிக்கு, அவர் படிக்கும் மொழியில் போகட்டும். வழக்கறிஞர் இல்லாமல் நிற்கிறார் என்று தெரிந்தால், 1987-ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் இலவசச் சட்ட உதவி தரும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு அனுப்புங்கள்.

அப்போதும் வராதவரின் மனுவைத் தள்ளுங்கள். அறிவிப்பு அவர் கைக்குச் சேர்ந்ததா என்பதை மட்டும் அந்த உத்தரவில் ஒரு வரி பதிவு செய்யுங்கள்.

மரியாதையுடன்,
ஒரு வழக்காடி